கோர்ட் ஆர்டர் போட்டும் வேலை நடக்கலையா? கண்டெம்ப்ட் (நீதிமன்ற அவமதிப்பு) பத்தி ஆரம்பத்துலேருந்து

ஹைகோர்ட்ல ரிட் (அரசு ஆபீஸ் செய்ய வேண்டியதைச் செய்யச் சொல்லி உத்தரவு கேக்கிற மனு) போட்டு, வருஷக்கணக்கா அலைஞ்சு, ஒருவழியா ஆர்டர் வாங்கியாச்சு. 12 வாரத்துக்குள்ள செய்யணும்னு ஜட்ஜ் தெளிவா எழுதியிருக்காரு. அதை எடுத்துட்டு தாலுகா ஆபீசுக்குப் போனா, "கலெக்டர் ஆபீசுக்கு எழுதியிருக்கோம் சார், பதில் வரட்டும்"னு சொல்லி அனுப்பிடறாங்க. 12 வாரம் போயி ஆறு மாசம் ஆயிடுது, ஃபைல் அதே டேபிள்லதான் இருக்கு. இந்த இடத்துலதான் பக்கத்துல இருக்கிற யாராவது "கண்டெம்ப்ட் போடுங்க, அடுத்த வாரமே உள்ள போயிடுவான்"னு சொல்லுவாங்க. உள்ள போறதெல்லாம் அவ்வளவு சீக்கிரம் நடக்காது, அதுக்காக கண்டெம்ப்ட்டால பிரயோஜனமே இல்லன்னும் சொல்லிட முடியாது, ரெண்டுக்கும் நடுவுல என்ன இருக்குன்னுதான் இங்க பார்க்கப் போறோம்.

நீதிமன்ற அவமதிப்புன்னு சொன்னதும் நிறைய பேருக்கு ஞாபகம் வர்றது ஜட்ஜைத் திட்டி யாராவது பேசுறதும், அதுக்கு கோர்ட் கூப்பிட்டு விசாரிக்கிறதும்தான். அது ஒரு வகை, அதுக்குப் பேரு கிரிமினல் கண்டெம்ப்ட். கோர்ட்டோட மதிப்பைக் குலைக்கிற மாதிரி பேசுறது, எழுதுறது, நடந்துட்டு இருக்கிற கேஸ்ல குறுக்க புகுந்து கெடுக்கிறது எல்லாம் அதுல வரும். ஒரு தனி ஆள் அந்த மாதிரி கேஸ் கொண்டு போகணும்னா அட்வகேட் ஜெனரலோட, அதாவது மாநில அரசோட தலைமை வக்கீலோட சம்மதம் வாங்கணும். நம்ம பேசப்போறது அது இல்ல. 1971-ம் வருஷத்து நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் பிரிவு 2-லயே இன்னொரு வகையும் இருக்கு, சிவில் கண்டெம்ப்ட். கோர்ட்டோட தீர்ப்பு, டிக்ரி, ஆர்டர், ரிட் எதுவா இருந்தாலும் வேணும்னே கீழ்ப்படியாம இருக்கிறதும், கோர்ட்ல குடுத்த உறுதிமொழியை வேணும்னே மீறுறதும் இதுல வரும். சிவில்னு பேர் இருக்கிறதால சொத்துத் தகராறுக்கு மட்டும்னு நினைச்சுக்காதீங்க, பென்ஷன், பட்டா, ஆக்கிரமிப்பு அகற்றுறது, வேலை நியமனம், காவிரித் தண்ணி வரைக்கும் இதுலதான் வரும். இதுக்கு அட்வகேட் ஜெனரல் சம்மதமும் தேவையில்ல, பாதிக்கப்பட்டவங்களே நேரா பெட்டிஷன் போடலாம்.

சுப்ரீம் கோர்ட்டுக்கு இந்த அதிகாரம் அரசியலமைப்பு 129-ம் பிரிவுலேருந்து வருது, ஹைகோர்ட்டுகளுக்கு 215-லேருந்து வருது. 1971 சட்டம் அந்த அதிகாரத்தை எப்படி நடத்தணும்னு வழி சொல்ற சட்டம்தான், அதிகாரத்தைக் குடுத்ததே அந்தச் சட்டம் இல்ல. இது ஏதோ வக்கீலுங்க பேசிக்கிற விஷயம் மாதிரி தெரியும், ஆனா தண்டனையப் பத்தி பேசும்போது இது தேவைப்படும்.

இப்ப முக்கியமான விஷயத்துக்கு வருவோம். "வேணும்னே" அப்படிங்கிற சொல்லு மேலதான் மொத்த கேஸும் நிக்குது. ஆர்டர்ல சொன்னது நடக்கல, அது மட்டும் போதாது. நடக்காம போனதுக்குப் பின்னால தெரிஞ்சே செஞ்ச அலட்சியமோ பிடிவாதமோ இருக்கணும். தவறுதலா விட்டுப்போச்சு, கைமீறின காரணத்தால செய்ய முடியல, ஆர்டரோட வாசகமே ரெண்டு விதமா புரிஞ்சுக்கிற மாதிரி இருந்துச்சு, இப்படி உண்மையான காரணம் இருந்தா அது அவமதிப்பு ஆகாதுன்னு சுப்ரீம் கோர்ட் 2003-ல அசோக் பேப்பர் காம்கார் யூனியன் கேஸ்லயும், 2014-ல ராம் கிஷன் கேஸ்லயும் விளக்கமா சொல்லியிருக்கு. ஒருத்தரை ஜெயிலுக்கு அனுப்பக்கூடிய விஷயம்ங்கிறதால, நிரூபிக்கிற அளவும் கிட்டத்தட்ட கிரிமினல் கேஸ் அளவுக்கு இருக்கணும்னுதான் கோர்ட் எதிர்பார்க்குது. சந்தேகம் இருந்தா அதோட பலன் எதிர்த்தரப்புக்குத்தான் போகும்.

அதனால தாமதம் ஆச்சுங்கிறதுக்காக மட்டும் யாரும் தண்டனை வாங்குறதில்ல. இது ஆர்டர் கையில வச்சிட்டு காத்திருக்கிறவங்களுக்கு எரிச்சலா இருக்கும்னு தெரியும். ஆனா கோர்ட் பார்க்கிறது எத்தனை நாள் லேட்டுங்கிறது இல்ல, அந்த நாள்ல என்ன செஞ்சாங்கங்கிறது. ஆர்டர் வந்ததும் ஃபைல் போட்டு, நிதித்துறைக்கு எழுதி, பதில் வராம ரெண்டு தடவை ஞாபகக் கடிதம் அனுப்பி, கடைசில நாலு மாசம் லேட்டா செஞ்ச ஆபீசர் தப்பிச்சிடுவாரு. கெடு முடியிற வரைக்கும் கவரையே பிரிக்காம இருந்துட்டு, கண்டெம்ப்ட் நோட்டீஸ் வந்ததுக்கு அப்புறம் முதல் குறிப்பு எழுதின ஆபீசருக்கு அந்தச் சலுகை கிடைக்கிறது கஷ்டம். லேட்டு ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான், நோட் ஷீட்ல, அதாவது ஃபைல்ல குறிப்பு எழுதுற தாள்ல இருக்கிற தேதிதான் வேற.

இதுல நம்ம பக்கம் பண்ண வேண்டிய வேலை ஒண்ணு இருக்கு, அதை நிறைய பேர் கோட்டை விடுறாங்க. ஆர்டரை ஒழுங்கா படிக்கணும். பெரும்பாலான ஆர்டர்ல "இந்த உத்தரவின் நகல் கிடைத்த தேதியிலிருந்து" இத்தனை வாரம்னுதான் இருக்கும். ஜட்ஜ் கோர்ட்ல சொன்ன தேதியிலேருந்து கணக்கு ஆரம்பிக்காது, நகல் அந்த ஆபீசர் கைக்குப் போன தேதியிலேருந்துதான். நகலை அனுப்பாமலே "கோர்ட்ல அவங்க வக்கீல் இருந்தாரே, தெரியாமலா இருக்கும்"னு காத்திருந்தா வாரம் ஓடவே ஓடாது. சர்டிஃபைட் காப்பி வந்த உடனே ஒரு கவரிங் லெட்டரோட, அந்தப் பதவியோட பேருக்கு, தபால்ல போய்ச் சேர்ந்ததுக்கு அத்தாட்சி கிடைக்கிற மாதிரி அனுப்புங்க, இல்ல நேர்ல போய் தபால் பிரிவுல குடுத்து சீல் வாங்குங்க. பின்னாடி கோர்ட்ல முதல் கேள்வியே அதுதான் வரும், எப்ப சர்வ் பண்ணீங்கன்னு.

அடுத்தது ஆர்டர்ல உண்மையிலேயே என்ன சொல்லியிருக்குங்கிறது. தமிழ்நாட்டுல ரிட் போடறவங்கள்ல நிறைய பேருக்குக் கிடைக்கிறது "மனுதாரரின் மனுவைப் பரிசீலித்து, தகுதியின் அடிப்படையில், சட்டப்படி, இத்தனை வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்கவும்"ங்கிற மாதிரியான ஆர்டர். இதை வாங்கிட்டு வந்து "கேஸ் ஜெயிச்சாச்சு"ன்னு வீட்ல சொல்லிடறாங்க. இதுல பட்டா குடுன்னு எங்கயும் இல்ல, பரிசீலிச்சு ஒரு முடிவு சொல்லுன்னுதான் இருக்கு. ஆபீசர் பரிசீலிச்சு "முடியாது"ன்னு காரணம் எழுதி ஒரு லெட்டர் போட்டுட்டார்னா அவர் ஆர்டருக்குக் கீழ்ப்படிஞ்சிட்டாருன்னுதான் அர்த்தம். அந்த முடிவு தப்பாவே இருக்கலாம், அதுக்கு புதுசா இன்னொரு ரிட் போடணும், கண்டெம்ப்ட் நிக்காது. 1996-ல ஜே.எஸ். பரிஹார் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் இதைத்தான் சொல்லுச்சு, உத்தரவுப்படி ஒரு முடிவு எடுத்தாச்சுன்னா அது சரியா தப்பாங்கிறது புது வழக்குக்கான காரணம்னு. என்னைக் கேட்டா இந்த "பரிசீலி" ஆர்டர்கள் அரசாங்கத்துக்கும் சுலபம், கோர்ட்டுக்கும் சுலபம், அலையறவங்களுக்குத்தான் இன்னொரு சுத்து.

கண்டெம்ப்ட் விசாரிக்கிற கோர்ட் பழைய ஆர்டருக்கு மேல ஒரு வரிகூட புதுசா சேர்க்க முடியாதுங்கிறதும் இதோட சேர்ந்ததுதான். ஆர்டர்ல இல்லாத வட்டி, ஆர்டர்ல இல்லாத சீனியாரிட்டி, இதெல்லாம் அவமதிப்பு வழக்குல கேட்டு வாங்க முடியாது. நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட்லேருந்து போன சுதிர் வாசுதேவா கேஸ்லயே, ஓ.என்.ஜி.சி சம்பந்தப்பட்டது, 2014-ல சுப்ரீம் கோர்ட் இதைச் சொல்லித்தான் ஹைகோர்ட் போட்ட ஆர்டரை ரத்து பண்ணுச்சு. அதனால முதல் ரிட்லயே பிரேயர், அதாவது கோர்ட்கிட்ட கேக்கிற கோரிக்கை, எப்படி எழுதுறாங்கன்னு வக்கீல்கிட்ட உக்காந்து கேளுங்க, கெடு வேணும்னும் கேக்கச் சொல்லுங்க. கெடுவே இல்லாத ஆர்டரும் ஆர்டர்தான், நியாயமான காலத்துக்குள்ள செய்யணும்தான், ஆனா நியாயமான காலம்னா எவ்வளவுன்னு வாதாடியே ஒரு வருஷம் போயிடும்.

தாமதம் எப்ப அவமதிப்பு ஆகுதுன்னு புரிஞ்சுக்க எரிக்சன் கேஸை விட நல்ல உதாரணம் எனக்குத் தெரியல. அனில் அம்பானியோட ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸ் எரிக்சன் கம்பெனிக்குப் பணம் தர வேண்டியிருந்துச்சு, 550 கோடிக்கு பேசி முடிச்சாங்க. 2018 செப்டம்பர் 30-க்குள்ள கட்டணும், கட்டல. கோர்ட் கடைசியா டிசம்பர் 15 வரைக்கும் டைம் குடுத்துச்சு, லேட்டானா 12 சதவீத வட்டின்னு சேர்த்து. அதுவும் போச்சு. சொத்தை வித்தாதானே பணம் வரும், விக்கிற டீல் முடியலையேங்கிறது அவங்க தரப்பு வாதம். கேக்கும்போது நியாயமாத்தான் இருக்கு, ஆனா கட்டுறோம்னு கோர்ட்ல குடுத்த உறுதியும், கோர்ட் போட்ட ஆர்டரும் சொத்து வித்தா மட்டும்தான்னு இல்லையே. 2019 பிப்ரவரி 20 அன்னிக்கு ஜஸ்டிஸ் நாரிமன், ஜஸ்டிஸ் வினீத் சரண் பெஞ்ச் அம்பானியும் இன்னும் ரெண்டு டைரக்டர்களும் அவமதிப்பு செஞ்சிருக்காங்கன்னு தீர்ப்பு சொல்லி, நாலு வாரத்துக்குள்ள 453 கோடி கட்டணும், இல்லன்னா மூணு மாசம் ஜெயில்னு சொல்லிடுச்சு. ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸ், அதே குழுமத்து இன்னும் ரெண்டு கம்பெனி, ஆக மூணு கம்பெனிக்கும் தலா 1 கோடி அபராதம் வேற. நாலு வாரம் முடியறதுக்கு முன்னாடி, மார்ச் 18-ந்தேதி பணம் எரிக்சனுக்குப் போய்ச் சேர்ந்துச்சு. ரெண்டு கெடு தாண்டி வராத பணம், ஜெயில்னு சொன்னதும் நாலு வாரத்துல வந்துச்சு. டிராஃபிக் போலீஸைப் பார்த்ததும் டேங்க் மேல இருந்த ஹெல்மெட் தலைக்கு ஏறுமே, அதேதான்.

இதுக்கு நேர் எதிர்ப்பக்கம் காவிரி. 2018 பிப்ரவரி 16 தீர்ப்புல தமிழ்நாட்டுக்கு 177.25 டி.எம்.சி-ன்னு முடிவு பண்ணி, ஆறு வாரத்துக்குள்ள அந்தத் தண்ணியைப் பங்கிட்டு விடறதுக்கு ஒரு ஸ்கீம் உருவாக்கணும், எந்தக் காரணத்துக்காகவும் டைம் நீட்டிக்க மாட்டோம்னு மத்திய அரசுக்கு சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ஆறு வாரம் முடிஞ்சுது, ஸ்கீம் வரல. தமிழ்நாடு அரசு அவமதிப்பு வழக்கு போட்டுச்சு, மத்திய அரசு ஸ்கீம்னா என்ன அர்த்தம்னு விளக்கம் கேட்டும், கர்நாடகத் தேர்தலைக் காரணம் காட்டி மூணு மாசம் டைம் கேட்டும் மனு போட்டுச்சு. அந்த நேரத்துல இங்க எவ்வளவு கோபம் இருந்துச்சுன்னு எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். கடைசில மே மாசம் வரைவு ஸ்கீம் தாக்கல் ஆகி, மே 18-ல கோர்ட் ஏத்துக்கிட்டு, ஜூன் 1-ல காவிரி மேலாண்மை ஆணையம் அரசிதழ்ல வந்துச்சு. யாரும் ஜெயிலுக்குப் போகல, அபராதமும் இல்ல. ஒரு கம்பெனி சேர்மன்கிட்ட காட்டின கறாரு மத்திய அரசாங்கத்துகிட்ட ஏன் இல்லன்னு கேட்டா அந்தக் கேள்வில நியாயம் இருக்குன்னுதான் நானும் சொல்லுவேன். ஆனா சட்டப்படி பார்த்தா, ஆர்டர்ல இருக்கிற வாசகத்துல சந்தேகம் கிளப்ப இடம் இருந்துச்சுன்னா "வேணும்னே"ங்கிறது பலவீனமாயிடும், அதுதான் நடந்தது.

ஆபீஸ் பக்கத்துலேருந்து வழக்கமா வர்ற பதில்கள்ல முதலிடம் "அப்பீல் போட்டிருக்கோம்" தான். அப்பீல் போட்டதால மட்டும் ஆர்டர் நின்னுடாது, ஸ்டே வாங்கினாதான் நிக்கும். ரிவியூ பெட்டிஷன் போட்டாலும் அதே கதைதான். ஆனா இதுல ஒரு சின்ன வளைவு இருக்கு. ஸ்டே கேட்டு மனு போட்டு அது இன்னும் விசாரணைக்கு வராம இருந்தா, முதல்ல ஸ்டே மனுவை முடிச்சிட்டு அப்புறம் கண்டெம்ப்ட்டை எடுக்கிறது நல்லதுன்னு மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கு. இதைத் தெரிஞ்சு வச்சுக்கிட்டுத்தான் ரிட் அப்பீல் கெடுவெல்லாம் தாண்டிப்போய், கண்டெம்ப்ட் நோட்டீஸ் வந்த மறுவாரம் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனுவோட அப்பீலைக் கொண்டு வந்து நிறுத்துறாங்க. கோர்ட்ல இன்னும் நம்பர் குடுத்துப் பதிவாகாத அப்பீலைக் காட்டி வாய்தா கேக்கிறதை ஜட்ஜுங்களும் நல்லா பார்த்து வச்சிருக்காங்க, எல்லா நேரமும் அது எடுபடறதில்ல.

"அந்த ஆர்டரே தப்பு சார்"ங்கிறது இன்னொண்ணு. தப்பா சரியான்னு முடிவு பண்றது மேல்கோர்ட் வேலை, ஆர்டருக்கு உட்பட்டவர் தானே தீர்மானிச்சுக்கிட்டு சும்மா இருக்க முடியாது. "நான் இப்பதான் டிரான்ஸ்ஃபர்ல வந்தேன்" அப்படிங்கிறதுல மட்டும் கொஞ்சம் உண்மை இருக்கு, ஏன்னா அவமதிப்புங்கிறது பதவியோட தப்பு இல்ல, ஆளோட தப்பு. அதனாலதான் கண்டெம்ப்ட் பெட்டிஷன்ல ஆபீசர் பேரையே போடுவாங்க. கெடு ஓடிட்டு இருந்தப்ப அந்த நாற்காலில யார் இருந்தாங்கன்னு பார்த்துப் போடணும், இல்லன்னா சம்பந்தமே இல்லாத ஒருத்தர் வந்து நிப்பாரு. புதுசா வந்தவருக்கும் ஆர்டர் தெரிஞ்சதுக்கு அப்புறம் பொறுப்பு உண்டு, அவருக்கும் ஒரு நகல் அனுப்பி வைக்கிறது புத்திசாலித்தனம்.

உண்மையிலேயே டைம் பத்தாதுன்னா ஆபீசர் பண்ண வேண்டிய காரியம் ரொம்ப சிம்பிள், கெடு முடியறதுக்கு முன்னாடியே அதே கோர்ட்ல டைம் நீட்டிப்பு கேட்டு மனு போடணும். நில அளவை பண்ணணும், போலீஸ் பாதுகாப்பு வேணும், நிதி ஒதுக்கீடு வரணும்னு காரணம் சொன்னா கோர்ட் பெரும்பாலும் குடுத்துரும். 2024 ஜனவரி 3-ந்தேதி சுப்ரீம் கோர்ட் அரசு அதிகாரிகளைக் கோர்ட்டுக்குக் கூப்பிடறது சம்பந்தமா நடைமுறை வகுத்தப்பவும், அரசு கெடுவை மாத்தச் சொல்லிக் கேட்டா கோர்ட் அதைப் பரிசீலிக்கலாம்னு எழுதியிருக்கு. வழி இவ்வளவு திறந்து இருந்தும் அந்த மனு போடறவங்க குறைச்சல். போடாம இருந்தாங்கங்கிறதே "வேணும்னே"ங்கிறதுக்கு ஒரு அடையாளமா நம்ம பக்கம் வாதாடலாம்.

பெட்டிஷன் போட்டதுக்கு அப்புறம் என்ன நடக்கும்னா, பெரும்பாலும் ஆர்டர் போட்ட ஜட்ஜ் முன்னாடியே வரும், அவர் இல்லன்னா அப்ப அந்த மாதிரி கேஸ் பார்க்க ஒதுக்கியிருக்கிற ஜட்ஜ்கிட்ட. பழைய ஆர்டர், சர்வ் பண்ணினதுக்கு ஆதாரம், இவ்வளவு நாளா நடக்கலங்கிற அஃபிடவிட், இதுதான் கேஸ் கட்டு. முதல் வாய்தால அரசு வக்கீல் எழுந்து "இன்ஸ்ட்ரக்ஷன் வாங்கிச் சொல்றேன், ரெண்டு வாரம் டைம் வேணும்"னு கேப்பாரு. நிறைய கேஸ்ல இந்த ரெண்டு வாரத்துலயே வேலை நடந்துடும். நடக்கலன்னா ஸ்டாட்யூட்டரி நோட்டீஸ்னு ஒண்ணு போகும், அதுல ஆபீசர் நேர்ல வரணும்னு இருக்கும், அப்பதான் கலெக்டர் ஆபீஸ் வரைக்கும் சூடு ஏறும். கூப்பிட்டும் வரலன்னா வாரண்ட் வரைக்கும் போகலாம். வந்து கம்ப்ளையன்ஸ் ரிப்போர்ட் (ஆர்டரைச் செஞ்சு முடிச்சாச்சுங்கிற அறிக்கை) தாக்கல் பண்ணி மன்னிப்பும் கேட்டாருன்னா பெட்டிஷன் க்ளோஸ். லேட்டா செஞ்சதால நடந்த அவமதிப்பு இல்லாம போயிடாது, ஆனா தண்டிக்கிற அளவுக்குப் போக வேண்டாம்னு கோர்ட் விட்டுடும், சில நேரம் செலவுத்தொகை குடுக்கச் சொல்லும்.

அந்த 2024 தீர்ப்பு வந்த கதையும் கொஞ்சம் தெரிஞ்சுக்கலாம். ரிட்டயர்டு ஜட்ஜுகளுக்கு வீட்டு உதவியாளர் மாதிரியான வசதிகள் தர்ற விவகாரத்துல ஆர்டரை நிறைவேத்தலன்னு 2023 ஏப்ரல்ல அலகாபாத் ஹைகோர்ட் உத்தரப் பிரதேச நிதித்துறைச் செயலாளரையே கஸ்டடில எடுக்கச் சொல்லிடுச்சு. அதை சுப்ரீம் கோர்ட் ரத்து பண்ணிட்டு, எதுக்கெடுத்தாலும் அதிகாரிகளை நேர்ல வரவைக்காதீங்க, தேவைப்பட்டா முதல்ல வீடியோ கான்ஃபரன்ஸ்ல கூப்பிடுங்க, அவங்க டிரெஸ்ஸைப் பத்தியெல்லாம் கமெண்ட் அடிக்காதீங்கன்னு ஹைகோர்ட்டுகளுக்குச் சொல்லுச்சு. எல்லாம் சரிதான். ஆனா நேர்ல வரச் சொன்னாதான் ஃபைல் நகருதுங்கிற ஊர்ல இது எந்த அளவுக்கு வேலை செய்யும்னு எனக்கு ஒரு சந்தேகம் இருக்கு. கண்டெம்ப்ட்ங்கிறது அபூர்வமா எடுக்க வேண்டிய ஆயுதம், இங்க அது ரிட்டோட ரெண்டாவது பாகம் மாதிரி ஆயிடுச்சு, முதல்ல ஆர்டர் வாங்கணும், அப்புறம் அதை மதிக்க வைக்க இன்னொரு கேஸ். அதுக்குக் காரணம் கோர்ட் இல்ல, நோட்டீஸ் வர்ற வரைக்கும் ஆர்டரை ஆர்டரா எடுத்துக்காத ஆபீஸ் பழக்கம்தான்.

தண்டனைன்னு பார்த்தா 1971 சட்டத்தோட பிரிவு 12 தான். அதிகபட்சம் ஆறு மாசம் வெறுங்காவல், இல்ல 2,000 ரூபாய் வரைக்கும் அபராதம், இல்ல ரெண்டும். 2,000 ரூபாய்ங்கிறது 1971-ல எழுதினது, இன்னிக்கும் அதே 2,000 தான். அப்ப அம்பானி கம்பெனிக்கு 1 கோடி எப்படி போட்டாங்கன்னு கேப்பீங்க. முன்னாடி சொன்ன 129-ம் பிரிவு இருக்கே, அரசியலமைப்பு குடுத்த அந்த அதிகாரத்தை ஒரு சாதாரணச் சட்டம் கட்டிப்போட முடியாதுங்கிறது சுப்ரீம் கோர்ட்டோட நிலை. 2019 பிப்ரவரி 12-ல சி.பி.ஐ-யோட இடைக்கால டைரக்டரா இருந்த நாகேஸ்வர ராவுக்கு 1 லட்சம் அபராதம் போட்டதும் அப்படித்தான். முசாஃபர்பூர் காப்பக வழக்கை விசாரிச்சிட்டு இருந்த அதிகாரியை மாத்தக்கூடாதுன்னு கோர்ட் சொல்லியிருந்தும் மாத்தினதுக்காக, அபராதத்தோட அன்னிக்கு கோர்ட் கலையற வரைக்கும் ஒரு மூலையில உக்காரச் சொன்னாங்க. பணத்தை விட அந்த மூலைதான் பேப்பர்ல பெருசா வந்துச்சு.

ஜெயில் நிஜமாவே போனவங்களும் இருக்காங்க. கோர்ட் தடையை மீறி மர அறுவை மில்லுங்களுக்கு அனுமதி குடுத்ததுக்காக 2006-ல மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்கும், செயலாளரா இருந்த அசோக் கோட்டும் ஆளுக்கு ஒரு மாசம் தண்டனை வாங்கினாங்க. அயோத்தில கட்டுமானம் நடக்காதுன்னு குடுத்த உறுதியை மீறினதுக்காக 1994-ல கல்யாண் சிங்குக்கு அடையாளமா ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும். ஆந்திரால 2022 மார்ச்ல எட்டு ஐ.ஏ.எஸ் அதிகாரிகளுக்கு ரெண்டு வாரம் தண்டனை சொல்லி, அவங்க அங்கயே மன்னிப்பு கேட்டதால ஹாஸ்டல் பிள்ளைங்களுக்கு மாசத்துல ஒரு நாள் சேவை பண்ணணும், சாப்பாட்டுச் செலவும் அவங்களோடதுன்னு ஹைகோர்ட் மாத்துச்சு. பள்ளிக்கூட வளாகத்துல இருந்த அரசு ஆபீசுங்களைக் காலி பண்ணச் சொன்ன ஆர்டர் அது. பார்த்தீங்கன்னா இதுல முதல் ரெண்டு கேஸ்லயும் தண்டனை வாங்கினவங்க லேட்டா செஞ்சவங்க இல்ல, ஆர்டருக்கு நேர் எதிரா ஏதோ ஒண்ணை செஞ்சவங்க. சும்மா இருந்ததை விட எதிரா செஞ்சதைத்தான் கோர்ட் கடுமையா பார்க்குது.

மன்னிப்பு கேட்டா விட்டுடுவாங்களான்னா, கோர்ட்டுக்குத் திருப்தியா இருந்தா தண்டனையைத் தள்ளுபடி பண்ணலாம்னு பிரிவு 12-ஏ சொல்லுது. கடைசி நிமிஷத்துல தண்டனைக்குப் பயந்து நீட்டுற காகித மன்னிப்பை ஏத்துக்கணும்னு கட்டாயம் இல்ல. அடிச்சிட்டு, சாரி சொல்லிட்டு, மறந்துடுங்கங்கிற கட்சியில நாங்க இல்லன்னு 1984-ல எல்.டி. ஜெயிக்வால் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொன்னது இன்னிக்கும் அடிக்கடி எடுத்துக் காட்டப்படுது. அம்பானி கேஸ்லயும் மன்னிப்பு கேட்டாங்க, எடுபடல.

கெடு விஷயத்துல நம்மளுக்கும் ஒரு கெடு இருக்கு, பிரிவு 20, ஒரு வருஷம். ஆர்டர்ல குடுத்த 12 வாரம் என்னிக்கு முடியுதோ, அன்னிலேருந்து ஒரு வருஷத்துக்குள்ள பெட்டிஷன் தாக்கல் ஆகியிருக்கணும். அந்த வருஷத்துக்குள்ள ஃபைல் பண்ணிட்டா போதும், கோர்ட் அதுக்கப்புறம் எடுத்தாலும் பரவாயில்லன்னு 2001-ல பல்லவ் ஷேத் கேஸ்ல தெளிவாயிடுச்சு. "அவங்க இன்னிக்கு வரைக்கும் செய்யலையே, அப்ப தினம் தினம் அவமதிப்புதானே, லிமிடேஷன் எங்க வந்துச்சு"ன்னு வாதாடலாம்னு நினைக்காதீங்க, ஒரு ஆர்டரைச் செய்யாம விட்டதைத் தொடர் குற்றமா பார்க்க சுப்ரீம் கோர்ட் சமீபத்துலயும் ஒத்துக்கல. ஆபீஸ்ல "அடுத்த மாசம் பண்ணிடறோம்"னு சொல்றதை நம்பி பதினாலு மாசம் காத்திருந்து, நல்ல ஆர்டர் கையில இருந்தும் கண்டெம்ப்ட் வழி அடைஞ்சு போறது சாதாரணமா நடக்கிறது. ஆர்டர் செல்லாம போயிடாது, அதை நிறைவேத்தச் சொல்லி வேற வழில போகலாம், ஆனா அந்த பயம் காட்டுற சக்தி போயிடும்.

கீழ்கோர்ட் ஆர்டரா இருந்தா கதை வேற. முன்சீஃப் கோர்ட்லயோ சப்கோர்ட்லயோ வாங்கின தற்காலிகத் தடை உத்தரவை பக்கத்து வீட்டுக்காரர் மீறி சுவர் எழுப்பறாருன்னா, நேரா ஹைகோர்ட்டுக்கு ஓட வேண்டாம். சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 39 ரூல் 2ஏ-ல அதே கோர்ட்லயே மனு போடலாம், மூணு மாசம் வரைக்கும் சிவில் சிறையில வைக்கவும், சொத்தை ஜப்தி பண்ணவும் அந்தக் கோர்ட்டுக்கே அதிகாரம் உண்டு. பணம் வர வேண்டிய டிக்ரி, வீடு காலி பண்ணச் சொன்ன டிக்ரி எல்லாத்துக்கும் இ.பி.-தான், அதாவது நிறைவேற்று மனு. இ.பி. இழுக்குதுன்னு கண்டெம்ப்ட் போட்டா, வசூல் பண்ற வேலைக்கு அவமதிப்பு அதிகாரத்தைப் பயன்படுத்தாதீங்கன்னு திருப்பி அனுப்பிடுவாங்க.

கடைசியா, பெட்டிஷனைக் கோர்ட் க்ளோஸ் பண்ணிட்டா என்ன பண்றதுங்கிறது. பிரிவு 19-ல அப்பீல் இருக்கு, ஆனா அது தண்டனை வாங்கினவருக்குத்தான். தனி ஜட்ஜ் தண்டிச்சா டிவிஷன் பெஞ்ச் (ரெண்டு ஜட்ஜ் சேர்ந்த அமர்வு), டிவிஷன் பெஞ்ச் தண்டிச்சா சுப்ரீம் கோர்ட். தண்டிக்க மாட்டேன்னு சொன்னதை எதிர்த்து பெட்டிஷன் போட்டவருக்கு அந்தப் பிரிவுல அப்பீல் கிடையாதுன்னு 2006-ல மிட்னாப்பூர் கூட்டுறவு வங்கி கேஸ்ல முடிவாயிடுச்சு, சுப்ரீம் கோர்ட்டுக்கு ஸ்பெஷல் லீவ் பெட்டிஷன் (அப்பீல் பண்ண தனி அனுமதி கேக்கிற மனு) கொண்டு போறதுதான் மிச்சம், அதுக்கு ஆகுற செலவு எல்லாராலயும் முடியாது. அதனால க்ளோஸ் ஆகிற அன்னிக்கு வக்கீலைப் பக்கத்துல இருந்து கவனிக்கச் சொல்லுங்க. அரசு தரப்பு குடுத்த கம்ப்ளையன்ஸ் ரிப்போர்ட்ல எந்தப் பகுதி செஞ்சாச்சு, எது பாக்கின்னு படிச்சுப் பார்த்து, பாக்கிய இத்தனை நாளைக்குள்ள செய்யறோம்னு அவங்க சொன்னதை ஆர்டர்லயே பதிவு பண்ணக் கேக்கணும். அப்படிப் பதிவாச்சுன்னா அதுவே கோர்ட்டுக்குக் குடுத்த உறுதிமொழி ஆயிடும், அதை மீறினா அது புது அவமதிப்பு, ஒரு வருஷக் கணக்கும் அங்கேருந்து புதுசா ஆரம்பிக்கும்.